சுகுமாறன் வக்கீல் இல்லை

தாமரை: ...கோர்ட்டுல இருக்காருன்னுதான் சொன்னேன். அதுல என்ன பொய்?

சுகுமாறன்: வாசல்ல வரவேற்ற அங்கிள் "வக்கீலா?"ன்னு கேட்டாரு. நீ சிரிச்ச.

தாமரை: சிரிச்சா தப்பா?

சுகுமாறன்: அது "ஆமா" சிரிப்பு.

தாமரை: கறுப்புக் கோட்டை மாட்டிட்டு வந்து உக்காந்துட்டு, வக்கீல் இல்லன்னா யாரு நம்புவா?

சுகுமாறன்: கோட்டு போடச் சொன்னதே நீதான்.

தாமரை: மண்டபத்துல ஏசி குளிருமேன்னு சொன்னேன்.

சுகுமாறன்: போன மாசம் செந்தூல் கல்யாணத்துல ஒருத்தர் சம்மன் தாளைக் கொண்டாந்து என் இலைக்குப் பக்கத்துல வெச்சாரு. சாம்பார் பட்டுச்சு. "சார், பாத்துப் போடுங்க"ங்குறாரு. அதுக்கு முந்தின கல்யாணத்துல ஒரு அம்மா, நெலத்துப் பத்திரம்.

தாமரை: கேட்டா கேட்டுட்டுப் போறாங்க. ஆளை மதிக்கிறாங்க இல்ல?

சுகுமாறன்: என்னை மதிக்கல. அந்த வக்கீலை மதிக்கிறாங்க.

தாமரை: எந்த வக்கீலை?

சுகுமாறன்: நீ சிரிச்சியே, அந்த வக்கீலை.

தாமரை: ஐயோ, பேசாம இருங்க லா. காஜாங்லேருந்து ஜாம்ல ஒன்றரை மணி நேரம் ஒக்காந்து வந்திருக்கோம். இன்னும் சோறு கண்ணுல காட்டல. நீங்க வேற...

குமுதா: அக்கா, இந்த நாற்காலிக்கு ஆளு இருக்கா?

தாமரை: இல்லம்மா, உக்காரு. பொண்ணு வீடா, மாப்பிள்ளை வீடா?

குமுதா: பொண்ணு வீடு. பொண்ணும் நானும் ஒரே பேக்டரி. குமுதான்னு பேரு.

தாமரை: நாங்க மாப்பிள்ளை பக்கம். தூரத்துச் சொந்தம்தான், பத்திரிகை வெச்சுட்டாங்க. நீ கிள்ளானேதானா?

குமுதா: போர்ட் கிள்ளான், அக்கா.

தாமரை: பக்கம்தான். என்ன பேக்டரி?

குமுதா: கையுறை. டாக்டருங்க போடுறது. நான் கியூசி.

தாமரை: கியூசின்னா ஆபீஸ் வேலை.

குமுதா: ஆபீஸ் எல்லாம் இல்லக்கா. கையுறைக்குள்ள தண்ணி ஊத்தித் தொங்க விட்டு ஓட்டை இருக்கான்னு பாக்குறது. நாள் பூரா அதான்.

தாமரை: தண்ணி ஊத்துறதா? அதுக்கு ஒரு வேலையா?

குமுதா: எல்லாரும் இதான் கேக்குறாங்க. எங்க மாமா வீட்டுல நான் பலூன் ஊதுறேன்னு சொல்லி வெச்சிருக்காங்க.

தாமரை: ஹா! கேட்டீங்களா? உங்களுக்கு மட்டும்தான் அந்தக் கஷ்டம்னு நெனச்சீங்க. நான் தடிக்காவுல சின்னப் பிள்ளைங்களுக்குச் சொல்லிக் குடுக்குறேன்மா. "பாட்டுப் பாடிட்டு வீட்டுக்குப் போயிடுவீங்களே"ங்குறாங்க. ஒரு நாள் வந்து மூக்குத் தொடச்சுப் பாத்தாத் தெரியும்.

குமுதா: அண்ணே என்ன... அண்ணே கோர்ட்டுல இருக்காங்கன்னு...

தாமரை: கோர்ட்டுலதான்! எப்படிம்மா கண்டுபிடிச்ச?

குமுதா: இல்ல... இப்பப் பேசிட்டிருந்தீங்களே. காதுல விழுந்துச்சு.

சுகுமாறன்: நான் வக்கீல் இல்லம்மா. மொதல்லயே சொல்லிடுறேன்.

குமுதா: தெரியும்ணே.

சுகுமாறன்: தெரியுமா?

குமுதா: அதாவது... சொன்னீங்களே. வக்கீல் இல்ல, அதுக்கும் மேல.

தாமரை: அதுக்கும் மேலயா! ஏங்க, நிமிர்ந்து உக்காருங்க.

சுகுமாறன்: மேலயும் இல்ல, கீழயும் இல்ல. இண்டர்பிரெட்டர். மொழிபெயர்ப்பாளர். மலாய்ல சொல்றதைத் தமிழ்ல சொல்லுவேன், தமிழ்ல சொல்றதை மலாய்ல சொல்லுவேன். கேஸ் நம்பர் கூப்பிடுவேன். அவ்வளவுதான்.

குமுதா: ஆனா குத்தப்பத்திரிகையைப் படிக்கிறது நீங்கதானே? "ஒத்துக்கிறியா"ன்னு கேக்குறதும் நீங்கதானே? அவங்க சொன்ன பிறகு மாஜிஸ்ட்ரேட்டம்மாகிட்ட சொல்றதும் நீங்கதான். அந்தம்மா நிமிர்ந்துகூட பாக்கல. எழுதிக்கிறாங்க. அப்ப யாரு பெரியவங்க?

சுகுமாறன்: நீ கோர்ட்டுக்கு வந்திருக்கியாம்மா?

குமுதா: இல்லண்ணே. டிவியில... நாடகத்துல.

சுகுமாறன்: நாடகத்துல இண்டர்பிரெட்டரைக் காட்ட மாட்டாங்களே.

தாமரை: வந்த உடனே குறுக்கு விசாரணையா? தண்ணியைக் குடிம்மா. இவரு மூணு நாளா இப்படித்தான். சரியாச் சாப்பிடுறது இல்ல, படுத்தாப் புரளுறாரு. என்னன்னு கேட்டா "ஒண்ணுமில்ல."

சுகுமாறன்: ஒண்ணுமில்ல.

தாமரை: பாத்தியா?

குமுதா: அண்ணே, சும்மா ஒண்ணு கேக்கலாமா? எனக்கு இல்ல. பக்கத்து வீட்டுல ஒரு பையன்.

சுகுமாறன்: எல்லாரும் பக்கத்து வீட்டுக்காகத்தான் கேப்பாங்க.

தாமரை: கேக்கட்டும் லா. சோறு வர்ற வரைக்கும் என்ன செய்யப் போறீங்க? நீ கேளும்மா.

குமுதா: ஒரு ஆளு... ஒத்துக்கிட்டான்னு வைங்க. மொத தடவை. முன்ன பின்ன போலீஸ் பாலாய் வாசல்கூட மிதிக்காத பையன். எத்தனை மாசம் போடுவாங்க?

சுகுமாறன்: அது மாஜிஸ்ட்ரேட் முடிவு பண்றது. எனக்குத் தெரியாது.

குமுதா: இத்தனை வருஷமாப் பாக்குறீங்க. ஒரு கணக்கு இருக்கும்ல?

சுகுமாறன்: கேஸுக்கு கேஸ் வேற.

குமுதா: திருட்டுச் சாமானை வெச்சிருந்தான்னு கேஸ். வெச்சிருக்கலண்ணே, லோரியில இருந்துச்சு. அவன் லோரியில கெலிண்டான்.

தாமரை: டிரைவரா?

குமுதா: இல்லக்கா. அதான் பாருங்க, யாருக்குமே தெரியல. டிரைவருக்கு ஒத்தாசையாப் போறவன். ரிவர்ஸ் எடுக்குறப்ப பின்னாடி நின்னு "வா, வா, போதும்"னு கத்துவான். தார்ப்பாய் கட்டுவான். அவ்வளவுதான் வேலை. போலீஸ்காரர் என்ன நெனச்சாரு, கெலிண்டான்னா சாமான் எல்லாம் அவன் பொறுப்புன்னு. டிரைவர் இறங்கி ஓடிட்டான். இவன் ஓடல.

சுகுமாறன்: ...என்ன சாமான்?

குமுதா: பால் மாவு டின்னு. நாப்பது பெட்டி.

சுகுமாறன்: தாமரை, நான் கை கழுவிட்டு வரேன்.

தாமரை: சாப்பிடவே இல்ல, என்னத்தைக் கழுவப் போறீங்க?

சுகுமாறன்: பிசுபிசுன்னு இருக்கு.

தாமரை: இந்தாங்க டிஷ்யூ. உக்காருங்க. அந்தப் புள்ள பேசிட்டிருக்கு, எழுந்து போறீங்க.

குமுதா: அண்ணே, நாளைக்குக் காலையில ஒன்பது மணிக்குத் தீர்ப்பு. இன்னைக்கு ஞாயித்துக்கிழமை. வேற யாரைப் போய்க் கேக்குறது?

சுகுமாறன்: வக்கீலைப் பாருங்கம்மா. அதாவது, பக்கத்து வீட்டுக்காரங்களைப் பாக்கச் சொல்லு. கோர்ட்டு கீழ் மாடியில இலவசமா வர்ற வக்கீலுங்க இருப்பாங்க. எட்டரைக்கே போகணும்.

குமுதா: ஒத்துக்கிட்ட பிறகு வக்கீல் எதுக்குண்ணே?

சுகுமாறன்: தண்டனையைக் குறைக்கச் சொல்லிப் பேசுவாங்க.

குமுதா: அதை நீங்களே பேசக்கூடாதா?

சுகுமாறன்: நான் எப்படிம்மா...

குமுதா: பெரிசா ஒண்ணும் வேணாம். அவன் ஏதாச்சும் பயந்து உளறுவான். நீங்க மலாய்ல கொஞ்சம் அழகா எடுத்துச் சொன்னீங்கன்னா... "இவன் சின்னப் பையன், வீட்டுல அம்மா இருக்காங்க"ன்னு நாலு வார்த்தை சேத்து...

தாமரை: ஐயோ, அது மட்டும் இவருகிட்ட நடக்காதும்மா!

குமுதா: ஏன்க்கா?

தாமரை: இவரு ஒரு வார்த்தை கூட்டவும் மாட்டாரு, குறைக்கவும் மாட்டாரு. கல்யாணமான புதுசுல எங்க பக்கத்து வீட்டுல ஒரு சீன ஆன்டி. அவங்க நாய் எங்க வாசல்ல வந்து அசிங்கம் பண்ணிடுச்சு. எங்கம்மா வெளிய போயித் தமிழ்ல கத்துறாங்க. அந்த ஆன்டி இவரைப் பாத்து மலாய்ல "என்ன சொல்றாங்க?"ன்னு கேட்டாங்க. மனுசன்னா என்ன பண்ணணும்? "ஒண்ணுமில்ல, நாயைக் கட்டிப் போடச் சொல்றாங்க"ன்னு முடிக்கணுமா இல்லையா?

குமுதா: அண்ணே என்ன சொன்னாங்க?

தாமரை: எங்கம்மா சொன்னதை அப்படியே சொன்னாரு! நாயோட ஆத்தா, அந்த ஆன்டியோட ஆத்தா, எல்லாரும் வந்தாங்க. ஒரு வருஷம் பேச்சு இல்ல. கேட்டா, "நான் பைப்பு மாதிரி, இந்தப் பக்கம் ஊத்துறது அந்தப் பக்கம் வரும்"ங்குறாரு.

குமுதா: பைப்பு...

தாமரை: இருபத்தேழு வருஷமா இப்படித்தான். எனக்கு அதுல பெருமைதான், பாத்துக்க. இவரை யாரும் ஒரு சொல்லு சொல்ல முடியாது.

சுகுமாறன்: தாமரை, போதும்.

தாமரை: என்ன போதும்? இல்லாததையா சொல்றேன்?

சுகுமாறன்: தலை வலிக்குது. வா, கிளம்பலாம். மொய்யை எழுதிட்டுப் போயிடலாம்.

தாமரை: பொண்ணு மாப்பிள்ளை முகத்தைக்கூட பாக்கலையே? ...ஏங்க, உங்களுக்கு வேர்க்குது. இந்த ஏசியில.

குமுதா: மைக்குல என்னமோ சொல்றாங்க.

தாமரை: பொண்ணு மாப்பிள்ளை உள்ள வர்றாங்களாம். எல்லாரும் எழுந்து நிக்கணுமாம். பாரு இவரை, "பங்குன், எழுந்திருங்க"ன்னு சத்தம் கேட்டா மொத ஆளா நிப்பாரு. கோர்ட்டுப் பழக்கம். ...வந்துட்டாங்க, வந்துட்டாங்க. சேலை நல்லா இருக்கு, இல்ல?

குமுதா: ம்.

தாமரை: உன் கூட்டாளிதானே? கை காட்டும்மா. இங்கதான் பாக்குது.

குமுதா: என்னை இங்க தேடாது அக்கா, என் மேசை அங்க இருக்கு. பதினாலாம் நம்பர்.

தாமரை: பதினாலா? அப்ப இங்க எதுக்கு...

குமுதா: அண்ணனைப் பாத்துட்டுத்தான் வந்தேன். வாசல்ல அண்ணன் கோட்டோட இறங்கினப்பவே தெரிஞ்சிருச்சு. மன்னிச்சுக்குங்கக்கா. நான் பொய் சொல்லிட்டேன். டிவியில பாக்கல. வியாழக்கிழமை நான் கோர்ட்டுல இருந்தேன், கடைசி பெஞ்சு. பக்கத்து வீடும் இல்ல. அந்தப் பையன், பாலன், என் தம்பிதான்.

தாமரை: அடி பாவமே! இதை மொதல்லயே சொல்ல வேண்டியதுதானே? தம்பிக்கு என்ன வயசு?

குமுதா: இருபத்தொண்ணு. உள்ளதான் இருக்கான். ஜாமீனுக்குக் கையெழுத்துப் போட ஆளு கெடைக்கல. எங்க மாமாவைக் கேட்டோம். "ஒத்துக்கிட்டவனுக்கு என்ன ஜாமீன்?"னுட்டாரு.

தாமரை: ஏங்க, உங்களுக்கு ஞாபகம் இருக்கா இந்தப் பையனை?

சுகுமாறன்: அன்னைக்கு நாப்பத்து மூணு கேஸு.

தாமரை: அதுக்கென்ன? பத்து வருஷத்துக்கு முன்னாடி வந்தவன் என்ன சட்டை போட்டிருந்தான்னு கேட்டாக்கூட சொல்லுவீங்களே. காஜாங் பாசார்ல ஒருத்தனைப் பாத்துட்டு, "இவன் கோழி திருடின கேஸு, மூணாவது கோர்ட்டு"ன்னு சொன்னீங்க. அவன் நமக்கு மீன் வெட்டிக்கிட்டு இருந்தான்.

சுகுமாறன்: எல்லாம் ஞாபகம் இருக்காது.

குமுதா: நீலச் சட்டைண்ணே. பட்டன் ஒண்ணு இல்ல. ஊசி குத்தி வெச்சிருந்தான்.

சுகுமாறன்: ...நாப்பத்து மூணு கேஸும்மா.

குமுதா: நான் உதவி கேக்க வரல. மொதல்ல அதுக்குத்தான் வந்தேன், இப்ப அக்கா சொன்னதைக் கேட்டுட்டேன். நீங்க ஒரு வார்த்தை கூட்ட மாட்டீங்க. சரி. நான் ஒண்ணே ஒண்ணு தெரிஞ்சிக்கணும். அவன் என்ன சொன்னான்?

சுகுமாறன்: எப்போ?

குமுதா: நீங்க கேட்டப்ப. "ஒத்துக்கிறியா"ன்னு.

தாமரை: நீ அங்கதான் இருந்தேன்னு சொன்னியே?

குமுதா: கடைசி பெஞ்சுக்கா. கூண்டுக்கு முன்னாடி கண்ணாடி வேற. ஒண்ணும் கேக்கல. வாய் அசையறது மட்டும்தான் தெரிஞ்சுது. அவன் ரொம்ப நேரம் பேசினான். கையை எல்லாம் ஆட்டிப் பேசினான். அண்ணே திரும்பி மாஜிஸ்ட்ரேட்டம்மாகிட்ட சொன்னது மட்டும் மைக்குல கேட்டுச்சு. "மெங்ஙாக்கு சாலா." ஒத்துக்கிறான். ரெண்டே வார்த்தை. மலாய்ல சுருக்கமாச் சொல்லுவாங்க போலன்னு நெனச்சேன். தமிழ்ல நாலு வரி பேசினா மலாய்ல ரெண்டு வார்த்தை போதும் போல.

தாமரை: ஏங்க.

சுகுமாறன்: சாப்பாடு வருது. இலையை நேராப் போடு.

தாமரை: ஏங்க, இந்தப் பக்கம் பாருங்க.

சுகுமாறன்: பேசாம இரு தாமரை.

குமுதா: எனக்கு என்ன குழப்பம்னா அக்கா, போலீஸ் பாலாய்ல அவனைப் பாக்க விட்டாங்க. அஞ்சு நிமிஷம். அப்ப என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "எனக்குத் தெரியாதுக்கா, பெட்டியை நான் தொடவே இல்ல"ன்னு அழுதான். நான் நம்பினேன். அம்மாகிட்டயும் அதான் சொன்னேன். அப்புறம் கோர்ட்டுல வந்து ஒத்துக்கிறான். அப்ப என்கிட்ட சொன்னது பொய்யா?

தாமரை: பயத்துல சொல்லியிருப்பான்மா. சின்னப் பையன்.

குமுதா: எங்கம்மாவும் அதான் கேக்குறாங்க. "பயந்தவன் எதுக்கு ஒத்துக்கணும்? திருடினவன்தான் ஒத்துக்குவான்." நாளைக்கு யாரும் கோர்ட்டுக்குப் போகக் கூடாதுன்னுட்டாங்க. வெளிய வந்தாலும் வீட்டுக்குள்ள விட மாட்டாங்களாம். அவன் துணிமணியை எல்லாம் கறுப்பு பிளாஸ்டிக்குல போட்டுக் கட்டி வாசல் கேட் பக்கத்துல வெச்சுட்டாங்க.

சுகுமாறன்: துணியை உள்ள எடுத்து வைக்கச் சொல்லு.

குமுதா: என்னண்ணே?

சுகுமாறன்: மழை வரும்.

தாமரை: குமுதா, நீ சாப்பிடும்மா. ஆறிடும். இப்படி வெறும் இலையைப் பாத்துக்கிட்டு... ஏங்க, அந்தப் புள்ளைக்குத் தண்ணி ஊத்துங்க.

குமுதா: அவன் பேசினது நாலஞ்சு வரி இருக்கும்ணே. அதுல ஏதாச்சும் ஒண்ணு. "அக்கா மன்னிச்சிரு"ன்னு சொன்னானா? "டிரைவருக்குப் பயந்து செஞ்சேன்"னு சொன்னானா? எதுவா இருந்தாலும் பரவால்ல. அம்மாகிட்ட போயி "இதான் சொன்னான்"னு சொல்லணும்.

சுகுமாறன்: ஞாபகம் இல்லம்மா.

குமுதா: ஒண்ணுகூடவா?

சுகுமாறன்: ஒரு நாளைக்கு நூறு பேர் பேசுறாங்க. ஒருத்தன் அழுவான், ஒருத்தன் மாஜிஸ்ட்ரேட்டையே திட்டுவான், ஒருத்தன் பல்லு வலிக்குதும்பான். எல்லாத்தையும் தலையில வெச்சுக்கிட்டா ராத்திரி தூங்க முடியுமா?

தாமரை: நீங்கதான் தூங்கவே இல்லையே.

சுகுமாறன்: தாமரை!

தாமரை: வியாழக்கிழமையிலேருந்து. ...இல்ல, நான் ஒண்ணும் சொல்லல. குமுதா, இங்க பாரு. அண்ணனுக்கு வேலை இன்னும் மூணு வருஷம்தான் இருக்கு. மூணு வருஷம் முடிஞ்சா பென்ஷன். எங்க பையன் யூனிவர்சிட்டியில ரெண்டாவது வருஷம். கோர்ட்டு விஷயத்தை எல்லாம் வெளிய பேசக் கூடாதுன்னு அவங்களுக்கு ரூல் இருக்கு. அதான் அவரு சொல்ல மாட்டேங்குறாரு. அவ்வளவுதான். வேற ஒண்ணுமில்ல.

குமுதா: ஓ... ரூல் இருக்கா?

தாமரை: இருக்கு. ரொம்ப ஸ்ட்ரிக்ட்.

குமுதா: எனக்குத் தெரியாதுக்கா. நான் பாட்டுக்கு வந்து... அண்ணே, மன்னிச்சுக்குங்க. உங்க வேலைக்கு ஏதாச்சும் ஆயிடப் போகுது. நான் இங்க உக்காந்து பேசினதை யாரும் பாத்தா...

தாமரை: பரவால்லம்மா. நீ உன் மேசைக்குப் போ. கூட்டாளிங்க தேடுவாங்க.

குமுதா: சரிக்கா. அம்மாகிட்ட சொல்லிடுறேன், எல்லாம் முறையாத்தான் நடந்துச்சுன்னு. கூட்டாம குறைக்காம சொல்ற மனுசன்தான் அன்னைக்கு இருந்தாரு, அவன் ஒத்துக்கிட்டது உண்மைதான்னு. அதுக்கு மேல கேக்க ஒண்ணுமில்ல. நாளைக்கு நானும் போகல.

தாமரை: போயிட்டு வாம்மா. ...ஏங்க, அவ நாற்காலியிலேருந்து கையை எடுங்க. அந்தப் புள்ளை போகட்டும்.

சுகுமாறன்: நாளைக்கு நீ போகணும்.

குமுதா: எதுக்குண்ணே?

சுகுமாறன்: எட்டரைக்கு முன்னாடி வந்துடு. கீழ் மாடியில இலவச வக்கீல் இருப்பாங்கன்னு சொன்னேனே, அவங்க வாசல்லயே நில்லு. தீர்ப்புக்கு முன்னாடி "என் தம்பி ஒத்துக்கல, மறுபடி கேக்கணும்"னு மனு போடச் சொல்லு. தீர்ப்பு சொல்லிட்டா கஷ்டம். அதுக்கு முன்னாடி.

தாமரை: வேணாங்க.

குமுதா: மறுபடி கேட்டு என்னண்ணே? அவன்தான் ஒத்துக்கிட்டானே. "உன் தம்பி ஒத்துக்கலன்னு யாரு சொன்னா?"ன்னு கேப்பாங்களே.

சுகுமாறன்: என் பேரைச் சொல்லு. சுகுமாறன். இண்டர்பிரெட்டர். நான் வந்து சொல்றேன்.

தாமரை: சொல்லாதீங்க. கெஞ்சிக் கேக்குறேன், மூணு வருஷம்தாங்க. நாளைக்கு அந்த மாஜிஸ்ட்ரேட்டே கேட்டுக்கட்டும்...

சுகுமாறன்: நாளைக்கும் அவங்க என்னைத்தான் கேப்பாங்க தாமரை.

குமுதா: அண்ணே... எனக்குப் புரியல. நீங்க என்ன வந்து சொல்லப் போறீங்க?

சுகுமாறன்: அன்னைக்கு மணி பன்னெண்டே முக்கால் ஆயிடுச்சு, வெளிய இன்னும் பதினஞ்சு பேர் இருந்தாங்க, ஒத்துக்கிட்டா லேசா விட்டுடுவாங்கன்னு நானே முடிவு பண்ணி "ஒத்துக்கிறான்"னு சொல்லிட்டேன்மா. உன் தம்பி சொன்னது இதான். "லோரியில இருந்தேன் சார். சாமான் ஏத்துனப்ப முன்னாடி சீட்டுல தூங்கிட்டேன். பெட்டியில என்னன்னு தெரியாது. தெரிஞ்சிருந்தா நானும் ஓடியிருப்பேன்ல? பின்னாடி எங்க அக்கா உக்காந்திருக்கு சார், அதைக் கேளுங்க, நான் திருட மாட்டேன்னு அது சொல்லும்."